காலைப் பங்கு

— ஒரு நாளுதான மைனி! நாளைக்கு மட்டும் நீங்க படுத்துத் தூங்குங்க, கடைய நான் திறக்கேன்னு சொன்னா, அதுக்குப் போயி இப்படி மொறைக்கீய.

— மொறைக்கல தம்பி. ஒனக்கு மேலு சுடுதான்னு பாக்கேன். நான் இந்தத் தாராவிக்கு வாக்கப்பட்டு வந்த நாள்ல இருந்து நீ ஒம்பது மணிக்கு முன்னால பல்லு வெளக்கி நான் பாத்ததில்ல. ஒங்க அண்ணன் செத்த அன்னிக்கே ஒன்ன உலுக்கி எழுப்பித்தான் சொல்ல வேண்டியிருந்துச்சு.

— நான் என்ன சொல்லுதேன்னா, ஒங்க முட்டி. மாரீஸ்வரி நேத்து போன் பண்ணா. “சித்தப்பா, அம்மா வலிய மறைக்கா, நீங்களாவது எடுத்துச் சொல்லக்கூடாதா”ன்னு ஒரே அழுகை.

— அவ வாக்கப்பட்டுச் சுனாபட்டியில இருக்கா. பெத்தவ எனக்கே வாரத்துக்கு ஒருக்கத்தான் போன் பண்ணுவா. ஒனக்குப் பண்ணாளாக்கும்?

— பண்ணா.

— சரி, பண்ணா. அந்த அண்டாவ இங்கிட்டுத் தள்ளு. ஒஞ் செல்போன் கவரெல்லாம் அதுக்குள்ள எம் மேடையில பரப்பாத. சட்னி பட்டா பெறவு என்னச் சொல்லக்கூடாது.

— ஓரமாத்தான் வச்சேன். பதினோரு மணி ஆவலன்னு எனக்குத் தெரியாதா? பதினோரு மணி வரைக்கும் ஒங்க பங்கு, அதுக்கு மேல எம் பங்கு. ஒரே கடை, ஒரே சட்டர், காலையில இட்லி, சாயங்காலம் மொபைல் கவரு. பம்பாய் பூரா தேடுனாலும் இப்படி ஒரு பாகப்பிரிவினை கெடைக்காது.

— கெடைக்காது. இவ்வளவு புத்தியான சனமும் கெடைக்காது.

— நாளைக்கு ஒரு நாள் நான் ஒங்க பங்கையும் பாத்துக்கிடுதேன், அம்புட்டுதான். மாவ நீங்க ஆட்டி வச்சிருங்க. ஊத்துதது, அவிக்கது எல்லாம் நானும் எம் மவன் முகேசும் பாத்துக்கிடுதோம். இட்லி ஊத்த என்ன, ராக்கெட்டா விடணும்?

— இட்லிய எவனும் ஊத்துவான் தம்பி. கேட்டுக்கோ, இட்லிக்காக ஒருத்தனும் இங்க வரல. இந்தச் சந்துல வீட்டுக்கு வீடு இட்லி அவியுது. பெறவு ஏன் வாரான்? அவன் வீட்ட விட்டு எறங்கும்போது ஊரே இருட்டிக் கெடக்கும். இங்க ஒரு சட்டரு மட்டும் திறந்து வெளிச்சமாக் கெடக்கும். “வந்துட்டியாய்யா”ன்னு ஒரு குரலு கேக்கும். அதுக்குத்தான் வாரான். யாவாரம்னா அதுதான்.

— நான் திறந்தாலும் அதே வெளிச்சம்தான மைனி.

— எத்தன மணிக்குத் திறப்ப?

— வெள்ளனத்தான். அஞ்சரை, ஆறு.

— ஆறா! ஆறு மணிக்கு இங்க யாரு இருக்கா? குப்பை லாரிப் பிள்ளைக போயிருக்கும். தோல் பட்டறையில ராத்திரி டியூட்டி பாத்தவன் பசியோட போயிப் படுத்திருப்பான். வீட்டு வேலைக்குப் போற பொம்பளைக பாதிப் பேரு பாந்த்ரா போயிச் சேந்திருப்பாளுக. பகல் டியூட்டிக்காரன் ஏழு மணிக்குத்தான் வருவான். மிச்சம் யாரு? தலையச் சொறிஞ்சுக்கிட்டு பால் பாக்கெட் வாங்க வாரவன். அவன் பாலு வாங்குவான், ஒன்ன ஒரு பார்வ பாப்பான், போயிருவான்.

— ஒரு நாள் யாவாரம் போனாப் போட்டும் மைனி. குடியா முழுகிரும்?

— முழுகும். மாரீஸ்வரி கல்யாணத்துக்கு ஊருக்குப் போயிட்டு வந்தோம்லா, ஞாபகம் இருக்கா? திரும்பி வந்து ஆசையாத் திறந்தேன். ரெண்டு ஈடு அவிச்சு வச்சிக்கிட்டு உக்காந்திருக்கேன், ஒரு பயலக் காணோம். எல்லாரும் நாக்கா முக்குல அந்தக் கேரளாக்காரன் கடையில நின்னு டீ குடிக்கான். என்னப் பாத்துச் சிரிக்க வேற செய்யுதான். “கல்யாணம் நல்லா நடந்துச்சா அக்கா”ங்கான். நல்லா நடந்துச்சு, நீ ஏன்யா வரலன்னு கேக்க முடியுமா?

— கேட்டிருக்க வேண்டியதுதான.

— கேட்டா என்ன சொல்லுவான்? அவன் மேல குத்தம் இல்ல. மனுசனுக்குக் காலையில மூளை முழிக்கதுக்கு முந்தி காலு முழிச்சிரும் தம்பி. அது பழகுன பக்கம் போவும். மனசு எங்கிட்டத்தான் இருந்துச்சு, காலு கேரளாக்காரன்கிட்டப் போயிட்டு. அந்தக் காலத் திருப்பிக் கொண்டாறதுக்கு நான் பட்ட பாடு ஒனக்குத் தெரியாது. நீ அப்பம் தூங்கிக்கிட்டு இருந்த.

— சரி, தூங்குனேன். இனிமேத் தூங்கல. அதுக்குத்தான் சொல்லுதேன்.

— என்ன வேணும் பாய்? டீயா? பாலு தீந்துட்டு. நாளைக்கு வாங்க… ஆங், நான்தான் இருப்பேன், வேற யாரு இருப்பா? வாங்க… ஏ தம்பி, இப்பம் நேராச் சொல்லு. நாளைக்குக் காலையில இங்க என்ன நடக்கப்போவுது?

— என்ன நடக்கும்? ஒண்ணுமில்ல.

— மாசானம்.

— பேரச் சொல்லிக் கூப்பிடுதீய. கோவம் வந்துட்டு ஒங்களுக்கு.

— நீ முட்டியப் பத்திப் பேசுனப்பவே வந்துட்டு. எனக்கு முட்டி வலி நேத்தா வந்துச்சு? அந்த மாவு வாளியத் தூக்கிக்கிட்டு ஏணிப்படி எறங்கும்போதெல்லாம் நீ கீழதான் நிப்ப. “குடுங்க மைனி”ன்னு ஒரு நாள், ஒரு கை புடிச்சிருக்கியா? இன்னிக்கு எங்கேருந்து வந்துச்சு இந்தக் கரிசனம்? சொல்லு.

— சர்வே வருது மைனி.

— அது வருது வருதுன்னு ரொம்ப நாளா வருது.

— இல்ல, நம்ம சந்துக்கு. நாளைக்குக் காலையில. கமிட்டியில இருக்க நாகராஜ் சொன்னான், அவனுக்கு உள்ள ஆளு இருக்கு. ஒரு சட்டருக்கு ஒரு நம்பரு. ஒரு நம்பருக்கு ஒரு பேரு. அவங்க வாரப்போ கடையில யாரு நின்னு யாவாரம் பாக்காங்களோ அவங்க பேரு. இதெல்லாம் இடிச்சுட்டுப் புதுக் கட்டடம் கட்டும்போது, அந்தப் பேருக்குத்தான் கடை. பேரு இல்லாதவன் தேவ்நார் பக்கம் போ, கோவண்டி பக்கம் போன்னு தள்ளி விட்டுருவானாம்.

— ஓ. அப்பம் முட்டிவலி ஒனக்குத்தான்.

— நான் ஒங்ககிட்ட மறைக்கணும்னு நெனக்கல.

— மறைக்காமத்தான் மாரீஸ்வரிய அழ வச்சியா? பெத்த புள்ள மாதிரி அவளத் தூக்கிக்கிட்டுத் திரிஞ்ச நீ. அவ பேரு ஒனக்குப் பொய் சொல்லத்தான் ஆச்சு.

— தப்புதான். விடுங்க.

— ரெண்டு பேரு எழுத மாட்டானா?

— கேக்காமயா இருப்பேன்? கடைய நடுவுல சுவரு வச்சுப் பிரிச்சிருந்தா ரெண்டு நம்பரு தருவானாம். நாம சுவரா வச்சோம்? கடிகாரத்தல்ல வச்சோம்! நேரத்தப் பிரிச்சிருக்கோம்னு நாகராஜ் போயிச் சொன்னா, அந்த ஆபீசரு விழுந்து விழுந்து சிரிக்கானாம். “அப்போ பாதி நம்பரக் காலையில ஒட்டுதேன், மீதிய மத்தியானம் வந்து ஒட்டவா”ன்னு கேக்கானாம்.

— சிரிக்கட்டும். அன்னிக்கு நீங்க சிரிக்கலையா? ஒங்க அண்ணன் காரியம் முடிஞ்ச கையோட சங்கத்துல உக்காந்து என்னமாப் பேசுனீய! “பொம்பளையாளு, புருசன் இல்லாதவ, சாயங்காலம் குடிச்சவன் வருவான், கண்டவன் வருவான், அந்த நேரம் அவளுக்கு வேண்டாம். காலை நேரத்த அவளுக்குக் குடுங்க.” ஒரே கருணை. அப்பம் இது பலசரக்குக் கடை. காலையில இந்தச் சந்துல நாயத் தவிர ஒரு நடமாட்டம் கெடையாதுன்னு அங்க இருந்த அத்தன ஆம்பளைக்கும் தெரியும். வேண்டாத மாட்டத் தானம் குடுத்த கணக்கா எனக்குக் காலையக் குடுத்தீய. நீ சிரிச்ச தம்பி. மீசைய நீவிக்கிட்டே சிரிச்ச. நான் முந்தானைக்குள்ள இருந்து பாத்துக்கிட்டுத்தான் இருந்தேன்.

— அன்னிக்கு எனக்கு என்ன வயசு மைனி?

— பங்கு கேக்குத வயசு.

— பழசையே பேசிக்கிட்டு இருந்தா விடியாது.

— விடியுததே எனக்குத்தான. ஒனக்கு விடியப் பதினோரு மணி ஆவும்.

— ஏசுங்க. எவ்வளவு வேணும்னாலும் ஏசுங்க. ஆனா எஞ் சைடையும் கேளுங்க. எம் பங்குல இப்பம் என்ன மிச்சம் இருக்கு? கவரு வாங்க எவன் வாரான்? படுத்துக்கிட்டே போன்ல தட்டுதான், மறுநாள் வாசல்ல கொண்டாந்து குடுக்கான். ரீசார்ஜும் அவனவனே போட்டுக்கிடுதான். சாயங்காலம் ஒருத்தன் வந்து நின்னா எனக்குச் சந்தோசமா இருக்கும், போணி ஆவப்போவுதுன்னு. அவன் என்ன கேக்கான் தெரியுமா? “அண்ணாச்சி, காலையில அக்கா மேடையில குடைய வச்சிட்டுப் போயிட்டேன், இருக்கா?” எம் பங்குல நான் உக்காந்து ஒங்க கிராக்கியோட குடைக்குக் காவல் இருக்கேன் மைனி.

— காலையில வயித்துக்குப் போட்டவளத்தான் அவன் சாயங்காலமும் தேடுவான். இதத்தான நான் இவ்வளவு நேரமாச் சொல்லுதேன்.

— ஒங்களுக்குச் சொல்ல நல்லாத்தான் இருக்கு. வீட்டுல முகேசு சும்மா கெடக்கான். அவன் அம்மா பிரபாவதி அவனுக்குப் பொண்ணு பாக்காத எடம் இல்ல. “பையன் பேருல, இல்ல அப்பன் பேருல, கடைன்னு ஒண்ணு உண்டா”ன்னுதான் முதல்ல கேக்கான். ஒங்களுக்கு மாரீஸ்வரியக் கட்டிக் குடுத்தாச்சு. ஒத்தக் கட்டை. நீங்க இன்னும் எத்தன…

— சொல்லு. ஏன் நிறுத்திட்ட? எத்தன வருசம் இருப்பேன்னுதான?

— நான் அப்படிச் சொல்லல.

— வாய் வரைக்கும் வந்தத முழுங்காத, செரிக்காது. துப்பிரு.

— மைனி, ஒங்க கால்ல வேணும்னாலும் விழுதேன். ஒரு காலைய எனக்குக் குடுங்க.

— குடுக்க மாட்டேன். நாளைக்கும் நான்தான் திறப்பேன். வேணும்னா நீயும் வந்து நில்லு. ரெண்டு பேரும் நிப்போம். எழுதுதவன் பாத்து எழுதட்டும்.

— ரெண்டு பேரு நின்னா, “தகராறு”ன்னு எழுதி ஒதுக்கி வச்சிருவான். பெறவு அத மாத்த கோர்ட்டு வாசல்ல கெடக்கணும், நம்ம ஆயுசு காணாது. ஒரு தடவதான் வாரான் மைனி. முன்னால, கடை பூட்டிக் கெடந்தா மத்தியானம் மறுபடி ஒரு நடை வருவோம்னு சொல்லியிருந்தானுவ. நேத்து அதையும் இல்லைன்னுட்டானுவ. ஏக்தம் பந்த். அதுல இருந்து எனக்குச் சோறு எறங்கல.

— பூட்டிக் கெடந்தா மத்தியானம் வருவாங்கன்னா?

— அது முன்னால சொன்னது. இப்பம் இல்ல.

— அது இருக்கட்டும். எங் காலை நேரத்துல கடை ஏன் பூட்டிக் கெடக்கும்?

— சும்மா ஒரு பேச்சுக்குச் சொன்னேன் மைனி.

— நான் இருக்கையில, அடுப்பு எரிகையில, கடை ஏன் பூட்டிக் கெடக்கும்? எம் மொகத்தப் பாருல.

— விடுங்க மைனி.

— போன வாரம் ஓடி வந்து சொன்னியே. “சிலிண்டர் ரெய்டு நடக்கு மைனி, கழுத்துல அட்ட மாட்டிக்கிட்டு நாலஞ்சு பேரு வருவான், கண்டதும் யோசிக்காம சட்டர எறக்கிருங்க, இல்லன்னா அடுப்பு அண்டா எல்லாத்தையும் வண்டியில ஏத்திருவான், ஒங்களையும் ஸ்டேசன்ல உக்கார வச்சிருவான்”னு. மூச்சு வாங்கச் சொன்னியே. ரெய்டு உண்டா, இல்லையா?

— இல்ல.

— ம்.

— அவங்க காலையில வந்து, பூட்டிக் கெடக்குன்னு பாத்துட்டு, மத்தியானம் வந்தா எந் நேரம்லா. அதான் அப்படிச் சொன்னேன். ஒங்களக் கெடுக்கணும்னு இல்ல மைனி. எம் பேர எழுதிக்கிட்டாலும் ஒங்க காலைய ஒங்களுக்கே நான் குடுத்திருப்பேன்.

— எங் காலைய நீ எனக்குக் குடுப்ப.

— தப்புதான்.

— ரெய்டுன்னு நீ சொன்னதும் நான் என்ன நெனச்சேன் தெரியுமா? நமக்கும் ஒரு ஆளு இருக்குன்னு நெனச்சேன். மாரீஸ்வரி ஒன்ன எப்பவும் கொறை சொல்லுவா. அன்னிக்கு நானா அவளுக்குப் போன் போட்டு, “ஒங்க சித்தப்பன இனிமே ஒண்ணுஞ் சொல்லாத, அவன் எம் மேல உசுரா இருக்கான்”னு சொன்னேன்.

— செருப்பால அடிங்க மைனி. இப்படி மெதுவாப் பேசாதீய.

— அவங்க எப்படி இருப்பாங்க?

— யாரு?

— சர்வேக்காரங்க.

— எப்படின்னா, எல்லாம் சின்னப் பிள்ளைக. கழுத்துல நீல நாடா, அதுல அட்ட தொங்கும். கையில சிலேட்டு கணக்கா ஒரு போனு. ஒரு பொண்ணு சுவத்துல செவப்பு வெளிச்சம் அடிச்சு நீளம் அகலம் அளப்பா. பக்கத்துச் சந்துல பாத்தேன். ஏன் கேக்கீய? மைனி? ஏன் உக்காந்துட்டீய? முட்டியா?

— அவங்க இன்னிக்கே வந்துட்டாங்க தம்பி.

— என்னது?

— இன்னிக்கு. ஏழு மணி இருக்கும். நல்ல கூட்டம். நாக்காவுல திரும்பும்போதே நீல நாடா என் கண்ணுல பட்டுட்டு. “எய்யா, சிலிண்டர்காரன் வாரான்”னு ஒரு சத்தம் போட்டேன். சட்டரப் புடிச்சு இழுத்துட்டேன். காய்ச்சல்ல கெடந்தாக்கூட எந்திச்சு வந்து திறந்தவ நான். ஆளுக கையில தட்டோட நிக்கையில, பாதி இட்லி வாயில இருக்கையில, எங் கையால எறக்குனேன்.

— நாகராஜ் நாளைக்குன்னுல்ல சொன்னான்! நாளைக்குன்னு சூடம் அடிச்சுச் சொன்னானே அந்தச் சவத்துப்பய!

— அடுப்ப அணைச்சிட்டு இருட்டுக்குள்ள குத்த வச்சிருந்தேன். தட்டுனாங்க. மூச்சு விடல நான். சட்டருக்கு அடியில அந்தச் செவப்பு வெளிச்சம் வந்துட்டு வந்துட்டுப் போச்சு. வெளிய பேச்சுக் கேட்டுச்சு, என்னன்னு வெளங்கல. பெறவு அடங்கிட்டு. கொஞ்ச நேரங்கழிச்சு நான் திறந்து பாத்தா சந்து காலி, எல்லாரும் வேலைக்குப் போயிட்டாங்க. எங் கொழுந்தன் புண்ணியத்துல தப்பிச்சோம்னு சாமியக் கும்புட்டேன். நீ வந்ததும் சொல்லி, ஒனக்கு ஒரு காபி போட்டுக் குடுக்கணும்னு கொஞ்சம் பாலுகூட ஒதுக்கி வச்சிருந்தேன். நீ வந்த வாக்குல முட்டிய ஆரம்பிச்சுட்ட.

— அந்தப் பாலுக்குத்தான் பாய்கிட்ட தீந்துட்டுன்னீயளா?

— ஆமா.

— ஐயோ மைனி.

— அழாத. ஆம்பள அழுதா எனக்குப் புடிக்காது. அழுது என்ன செய்ய?

— இருங்க. இருங்க மைனி. இன்னும் கெட்டுப் போவல. நான் என்ன சொல்லுதேன்னா, பூட்டிக் கெடந்தா என்ன செய்வாங்கன்னு நாகராஜ் ஒண்ணு சொன்னான். அக்கம்பக்கத்துல நிக்கவங்ககிட்டக் கேப்பாங்களாம், இது ஓடுத கடையான்னு. அவங்க சொல்லுதத அப்படியே எழுதிக்கிடுவாங்களாம். ஓடுத கடைதான்னு சொல்லியிருந்தாப் போதும், நம்பரு கெடச்சுரும். பேர ஆபீசுல போயிச் சொல்லிக்கிடலாம், ரெண்டு நாள் டைம் உண்டு. வெளிய யாரெல்லாம் நின்னா?

— எல்லாரும் நின்னாங்க. தோல் பட்டறைக்காரங்க, அபுதாஹிரு, கடைசி நடை வேலைக்குப் போற கீதா, அவ கூட்டாளிக. எல்லாம் எம் பிள்ளைக.

— அப்பம் கவலை இல்ல! ஒங்க பிள்ளைகன்னா ஒங்களுக்காக உசுரக் குடுப்பாங்களே!

— குடுப்பாங்க. அது சத்தியம். போன மழையில காவாத் தண்ணி கடைக்குள்ள ஏறுனப்போ, எம் மாவுச் சட்டியத் தலையில தூக்கி வச்சிக்கிட்டு விடிய விடிய நின்னது அபுதாஹிருதான். நீ மாடியில இருந்து எட்டிப் பாத்த.

— பாத்தேன். ஒத்துக்கிடுதேன். சேலைய மாத்துங்க, ஆபீசுக்குப் போவோம். ஒங்க பேரையே எழுதச் சொல்லுதேன். அதுதான் நியாயம். நான் எழுதச் சொல்லுதேன் மைனி, நானே என் வாயால சொல்லுதேன்.

— வேண்டாம். ஒம் பேர எழுது.

— மைனி?

— முகேசுக்குப் பொண்ணு கெடைக்கட்டும். எனக்குப் பேரு எதுக்கு, நான் என்ன அத வாசிக்கவா போறேன்? ஆனா காலை எனக்கு. புதுக் கட்டடம் வந்தாலும், கண்ணாடிக் கதவு வச்சாலும், நான் சாவுத வரைக்கும் காலை எனக்கு. அத நீ எங்கயும் எழுத வேண்டாம். எம் மொகத்தப் பாத்துச் சொல்லு, போதும்.

— காலை ஒங்களுக்குத்தான் மைனி.

— முகேசு மேல சத்தியமா?

— எம் புள்ள மேல சத்தியமா.

— சரி, கண்ணத் தொடச்சிக்கோ. நான் சேலையெல்லாம் மாத்தல, இது போதும். சட்டர எறக்கு, போவோம்.

— அக்கா! அக்கா, எறக்கிராதீய! ஒங்க தட்டு எங்கிட்ட மாட்டிக்கிட்டு. காலையில பதட்டத்துல கையோட பட்டறைக்கே கொண்டு போயிட்டேன். இந்தா, கழுவித்தான் கொண்டாந்திருக்கேன்.

— அபுதாஹிரா! நல்ல நேரத்துல வந்தய்யா. நூறு வயசு ஒனக்கு.

— ஏ அபுதாஹிரு, காலையில வந்தாங்கல்லா, அவங்க ஒங்ககிட்ட எதும் விசாரிச்சாங்களா?

— விசாரிக்காமயா விடுவாங்க மாசானண்ணே? போட்டுத் தொளைச்சிட்டாங்க. அந்தப் பொண்ணு வேற நல்ல இந்தியில நைசாப் பேசுது. “பாய், இங்க சாம்பாரு மணம் வருதே, கடை நடக்குதா இல்லையா? உள்ளதச் சொன்னா கடைக்காரங்களுக்குத்தான் நல்லது”ங்கு. நல்லதாம்! நாங்க பாக்காத ரெய்டா? தட்ட முதுகுக்குப் பின்னால ஒளிச்சிக்கிட்டு மரமாட்டம் நின்னேன்.

— நீ என்னல சொன்ன?

— தம்பி, அவன அதட்டாத. நீ சொல்லுய்யா, அவங்ககிட்ட என்ன சொன்னீய?

— ஒங்களக் காட்டிக் குடுப்போமாக்கா நாங்க? அல்லா மேல ஆணையா ஒருத்தர்கூடக் குடுக்கல. கீதா என்னமாச் சொன்னா தெரியுமா, “இங்கன கடையே கெடையாது, நான் பொறந்ததுல இருந்து இது பூட்டித்தான் கெடக்கு”ன்னு! அத்தன பேரும் அதே வார்த்தையில நின்னோம். கடைசியில அப்படியே எழுதி, எங்ககிட்டக் கையெழுத்தும் வாங்கிட்டுத்தான் நகந்தாங்க. நீங்க ஏன்க்கா இப்படி வேத்து விறுவிறுத்து நிக்கீய? நிம்மதியா இருங்க, இனிமே இந்தக் கடையத் தேடி ஒரு பயலும் வரமாட்டான்.